லுத்மிலா பூசிய வார்னிஷ்

நியூயார்க்கில் அந்தக் காலத்தில் ஓவியங்களுக்கு வார்னிஷ் பூசத் தெரிந்தவர்கள் ஐம்பது பேராவது இருந்திருப்பார்கள். லுத்மிலா ஹவ்ரானெக்கிடம் கேட்டால் ஐம்பது பேரையும் ஒரே மூச்சில் தள்ளிவிடுவாள். "அவனுங்க பூசறானுங்களா? தரை மெழுகுறானுங்க!" என்பாள். கொஞ்சம் திமிர்தான். ஆனால் அவள் கை அப்படி. அவள் பூசிய படத்தில் ஒரு தூசி, ஒரு கொப்புளம் காட்ட முடியாது.

பொஹீமியாவில் பிறந்தவள். பதினேழு வயதில் கப்பலேறி வந்தாள். கூட வந்த செக் பெண்கள் எல்லாரும் எழுபத்திரண்டாம் தெருப் பக்கம் சுருட்டுச் சுற்றப் போனார்கள். இவளுக்குப் புகையிலை வாடை ஆகவில்லை. படங்களுக்குச் சட்டம் செய்து பொன்தாள் ஒட்டுகிற வாட்ஸ்லாவைக் கட்டிக்கொண்டாள். அவன் நல்லவன், நோஞ்சான். நெஞ்சு நோய் வந்து பத்து வருஷத்தில் போய்ச் சேர்ந்தான். பிள்ளை குட்டி கிடையாது. அவன் விட்டுப்போன தொழிலில் பொன்தாள் வேலை அவளுக்குக் கை வரவில்லை, வார்னிஷ் வந்தது. அதைப் பிடித்துக்கொண்டாள்.

நகரத்துப் பெரிய ஓவியச் சங்கத்தில் வருஷா வருஷம் கண்காட்சி நடக்கும். திறப்பதற்கு முந்தின நாளுக்கு வார்னிஷ் நாள் என்று பெயர். ஓவியர்கள் மனைவிமாரைக் கூட்டிக்கொண்டு வருவார்கள். ஆறிப்போன கோழியும் திராட்சை மதுவுமாக நடக்கும். தாடி வைத்த கிழவர்கள் தங்கள் தங்கள் படத்தின் முன்னால் நின்று அதற்குக் கடைசிப் பளபளப்பை ஏற்றுவார்கள். கை நடுங்குகிற கிழவர்களுக்கு லுத்மிலா. தரையில் தண்ணீர் தெளித்துத் தூசியை அடக்கி, ஜாடியை வெந்நீரில் வைத்து இளக்கி, அகலத் தூரிகையால் இடது மேல் மூலையிலிருந்து ஒரே சீராக இழுத்துக்கொண்டு வருவாள். இருபத்திரண்டு வருஷம் இதைச் செய்தாள். வார்னிஷ் ஏறாத படம் என்றால் அவள் மனசில் அது முடியாத படம். தலை வாராமல் பிள்ளையைப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்புவார்களா? அதுபோலத்தான்.

பிறகு காலம் புரண்டது. ராணுவக் கொட்டகையில் ஐரோப்பாவின் புதிய ஓவியங்களை மாட்டி ஒரு பெரிய கண்காட்சி நடந்து ஊரே இரண்டுபட்ட பிறகு, கிழவர்களின் படங்களுக்கு மவுசு குறைந்தது. லுத்மிலா வேலை தேடி ஆம்ப்ரோஸ் ஃபெல்லின் கூடத்துக்கு வந்து சேர்ந்தாள். ஃபெல்லும் ஒரு காலத்தில் ஓவியராக இருந்தவர். தனக்கு வரையத் தெரியாது என்று தானே கண்டுபிடித்து விட்டுவிட்டார். எத்தனை பேருக்கு அந்த நேர்மை வரும்! மூன்றாம் மாடியில் மூன்று அறைகள், மேலே கண்ணாடிக் கூரை. புதிய ஓவியம் மட்டும்தான் மாட்டுவார். படங்களைப் பெட்டியிலிருந்து எடுப்பது, மாட்டுவது, இறக்குவது, பெருக்குவது எல்லாம் லுத்மிலா.

முதல் இரண்டு வருஷம் அவள் சிரித்துக்கொண்டேதான் மாட்டினாள்.

"ஐயா, இது பொம்பளையா, மூட்டையா? எந்தப் பக்கம் மேல?"

"அம்மா, உங்க வாய்க்குப் பயந்தே பாதிப் பேர் மாடி ஏற மாட்டேங்கறாங்க," என்பார் ஃபெல்.

"படத்துக்குப் பயந்துன்னு சொல்லுங்க. என் மேல ஏன் பழியப் போடறீங்க?"

இப்படி ஓடிக்கொண்டிருந்த கூடத்தில்தான் 1915 மார்ச் மாதம், நெப்ராஸ்காவிலிருந்து ஹெஸ்டர் லிண்ட்குவிஸ்டின் ஐந்து படங்கள் பெட்டியில் வந்து இறங்கின. ஹெஸ்டர் அங்கே ஒரு சின்ன ஊரில் பிள்ளைகளுக்குச் சித்திரம் சொல்லிக்கொடுப்பவள். இருபத்தேழு வயது. இதற்கு முன் இரண்டு தடவை ஃபெல் அவள் படங்களை மாட்டினார். இரண்டு தடவையும் ஒன்றுகூட விற்கவில்லை. அதைவிட மோசம், கார்னீலியஸ் வாட்லி ஒரு வரிகூட எழுதவில்லை. வாட்லி மாலைப் பத்திரிகையின் ஓவிய விமர்சகர். பன்னிரண்டு வருஷமாகப் புதிய ஓவியத்துக்காகத் தனியாளாக மல்லுக்கட்டியவர். "பழக்கத்தை வீட்டில் வைத்துவிட்டு வந்து பாருங்கள்" என்று வாராவாரம் எழுதுவார். அவர் எழுதினால் பத்துப் பணக்காரர்களாவது மாடி ஏறுவார்கள். எழுதாவிட்டால் ஈ காக்கை வராது. இந்தத் தடவையும் ஒன்றும் நடக்காவிட்டால் இனிமேல் படம் அனுப்பப் போவதில்லை என்று ஹெஸ்டர் ஃபெல்லுக்குக் கடிதம் எழுதியிருந்தாள். ஒரே ஒரு படம் விற்றாலும் வேலையை விட்டுவிட்டு நியூயார்க்கில் ஒரு வருஷம் தங்கி வரைவாள். அவ்வளவுதான் அவள் கேட்டது.

சனிக்கிழமை மத்தியானம் ஃபெல் வெளியே போயிருந்தார். லுத்மிலா படங்களைப் பிரித்துச் சுவரோரம் சாய்த்துவிட்டு, காலிப் பெட்டி மேல் உட்கார்ந்து, பன்றிக் கொழுப்புத் தடவிய கம்புரொட்டியைத் தின்றுகொண்டிருந்தாள். எதிரே இருந்த படத்தில் ஒரு தானியக் கொட்டகையின் உட்சுவர். வேறு ஒன்றும் இல்லை. ஆளில்லை, மாடில்லை. சாம்பல் பூத்த சுவர், பொடி தட்டினாற்போல. இதென்ன, காரை பூசிக் காயவைத்திருக்கிறாளா என்றுதான் முதலில் நினைத்தாள்.

அவசரமில்லாத நாள். வேறு பார்க்க ஒன்றும் இல்லாததால் அதையே பார்த்தாள். கொஞ்ச நேரம் கழித்து அந்தச் சாம்பலுக்குள் இன்னொரு சாம்பல் தெரிந்தது. அப்புறம் அதற்குள்ளே மெல்லிய மஞ்சள். அப்புறம் சுவர் தள்ளிப் போய், நடுவே இருந்த காற்றே தெரிந்தது. தெரிந்ததும் லுத்மிலாவின் கண் நிறைந்துவிட்டது. அவளுக்கே கோபம் வந்தது. "ஐம்பத்திரண்டு வயசுல, ஒரு சுவத்தப் பாத்து அழறியாடி நீ?" என்று தன்னையே திட்டிக்கொண்டாள். ரொட்டியை முடிக்க முடியவில்லை.

ஞாயிறு முழுக்க அதே நினைவு. திங்கட்கிழமை காலை ஃபெல் பட்டியல் அச்சடிக்கப் போனதும், லுத்மிலா கதவைச் சாத்தினாள். தரையில் தண்ணீர் தெளித்தாள். வீட்டிலிருந்து கொண்டுவந்த ஜாடியை வெந்நீரில் வைத்தாள். மறுநாள் பத்திரிகைக்காரர்கள் வருகிறார்கள், படம் இப்படித் தாகத்தோடு நிற்பதா? மற்ற நான்கையும் அவள் தொடவில்லை. அந்த ஒன்றுக்கு மட்டும், யாரும் கேட்காமல், காசு வாங்காமல், மூலையிலிருந்து மூலைக்கு ஒரே சீராகப் பூசினாள். சாம்பல் கருத்தது. மஞ்சள் தேனாக ஆழ்ந்தது. சுவர் கண்ணாடிபோல ஜொலித்தது. மூக்குச் சிந்திக்கொண்டு ரசித்தாள்.

ஃபெல் திரும்பி வந்து ஒரு பார்வை பார்த்தார். "இன்னிக்கு வெளிச்சம் நல்லா விழுது," என்று சொல்லிவிட்டுக் கணக்குப்பிள்ளை மாதிரி மேஜைக்குப் போய்விட்டார். புதிய ஓவியத்தின் காவலர்! லுத்மிலாவும் சொல்லவில்லை. தன் அன்பளிப்பு தனக்குள் இருக்கட்டும் என்று விட்டுவிட்டாள்.

செவ்வாய்க்கிழமை காலை வாட்லி வந்தார். நெட்டை மனிதர், காலர் எப்போதும் கசங்கியிருக்கும். நான்கு படங்களையும் வழக்கம்போலக் கடந்தார். ஐந்தாவதின் முன்னால் நின்றார். நின்றார் என்றால் நின்றேவிட்டார். தொப்பியைக் கழற்றினார். அன்று மாலையே பத்திரிகையில் வந்துவிட்டது: வெளிறிப்போன நான்கு முயற்சிகளுக்குப் பிறகு இந்தப் பெண் ஆழம் என்றால் என்னவென்று கண்டுகொண்டுவிட்டாள், இது புதிய ஓவியத்தின் வெற்றி, என்றெல்லாம் அரைப் பத்தி. லுத்மிலா அதைப் பலகாரக் கடைக்காரியைப் படிக்கச் சொல்லி மூன்று தடவை கேட்டாள். பெருமை தாங்கவில்லை அவளுக்கு.

புதன்கிழமை காலை பத்து மணிக்குத் திருமதி கிம்பால் என்ற சீமாட்டி வந்து முந்நூறு டாலருக்குப் படத்தைப் பேசி முடித்துவிட்டுப் போனாள். பதினொன்றரைக்கு, கண்காட்சியைப் பார்க்க ஊரிலிருந்து கிளம்பியிருந்த ஹெஸ்டர் வந்தாள். சிகாகோவில் பனியில் ரயில் நின்றுபோய், இரண்டு நாள் தூங்காத முகம். ஃபெல் பத்திரிகையை ஆட்டிக்கொண்டு ஓடினார்.

"வித்தாச்சும்மா! வாட்லி எழுதிட்டாரு! ஒரு வருஷம் நீ இங்கதான்!"

அவள் சிரித்துக்கொண்டே உள்ளே வந்தாள். படத்தைப் பார்த்தாள். சிரிப்பு அப்படியே முகத்தில் தங்கிவிட்டது, எடுக்க மறந்துபோனாற்போல.

"யார் பண்ணினது இது?"

"எது?" என்றார் ஃபெல்.

"வார்னிஷ் பூசியிருக்கு. என் படத்துக்கு வார்னிஷ் பூசியிருக்கு."

"நான்தான் பொண்ணே," என்றாள் லுத்மிலா. "ஆசையாப் பூசினேன். உலர்ந்து கெடந்துச்சு."

"உலர்ந்துதான் இருக்கணும்! நாலு மாசம்! எண்ணெய எல்லாம் உறிஞ்சி எடுத்துட்டு, மாவு மாதிரி ஆகறவரைக்கும், நாலு மாசம் பண்ணினேன்! அந்த உலர்ச்சிதான் படம். இது..." ஹெஸ்டர் கையை அந்தப் பளபளப்பின் முன்னால் ஆட்டினாள். அவள் கை அதில் தெரிந்தது. "இதுல என் மூஞ்சிதான் தெரியுது!"

"துடைச்சு எடுத்திரலாமா?" என்றார் ஃபெல்.

"மாவாட்டம் பூசின வர்ணங்க ஐயா. வார்னிஷக் கரைக்கிற சாராயம் பட்டா அதுவும் கையோட வந்துரும்," என்றாள் லுத்மிலா. அவளுக்கு அது யாரையும்விட நன்றாகத் தெரியும்.

ஃபெல் கெட்டவர் அல்ல. கட்டடச் சொந்தக்காரரிடம் வாடகை பாக்கி வைத்து மூன்று மாதமாக முகம் கொடுக்க முடியாதவர். கதவைச் சாத்திவிட்டு மெதுவாகப் பேசினார்.

"ஹெஸ்டர், கேளு. ஒரு கூலிக்காரம்மா பூசின வார்னிஷத்தான் வாட்லி பாராட்டினார்னு வெளிய தெரிஞ்சா, எதிர்ப் பத்திரிகைக்காரனுங்க அந்த மனுஷன உரிச்சுத் தொங்க விட்ருவானுங்க. அவரு ஒருத்தர்தான் நமக்கு இருக்காரு. அவரு போனா நாம எல்லாரும் காலி. சும்மா இருந்துட்டா யாருக்கு நஷ்டம்? உனக்கு ஒரு வருஷம் கெடைக்குது. வாட்லி நாளைக்குப் பதினோரு மணிக்கு மறுபடி வராரு, மத்த நாலையும் பாக்கணுமாம்." கொஞ்சம் தயங்கினார். "அந்த நாலும் இதே மாதிரி இருந்தா..."

அந்தப் பெண் கத்துவாள், பெட்டியைத் தூக்கி அடிப்பாள் என்று லுத்மிலா எதிர்பார்த்தாள். அப்படி நடந்திருந்தால் நிம்மதியாக இருந்திருக்கும்.

"சரி," என்றாள் ஹெஸ்டர். "பூசச் சொல்லுங்க." பெட்டியை எடுத்துக்கொண்டு விடுதிக்குப் படுக்கப் போய்விட்டாள்.

வியாழக்கிழமை காலை லுத்மிலா தரையில் தண்ணீர் தெளித்தாள். ஜாடி வெந்நீரில் இருந்தது. முதல் படத்தை மேஜையில் கிடத்தித் தூரிகையைத் தோய்த்து எடுத்தாள். கிணற்று மேடை, அதைச் சுற்றி உருகின பனி. வெறும் வெள்ளையில் வெள்ளை. தூரிகை இடது மூலைக்கு மேலே நின்றது. இருபத்திரண்டு வருஷம் பழகின கை, அது கீழே இறங்க மாட்டேன் என்றது. மூலைக்குப் பக்கத்தில் ஹெஸ்டரின் கட்டைவிரல் ரேகை வெள்ளையில் பதிந்திருந்தது. பாவி, நாலு மாசம் என்றாளே.

லுத்மிலா தூரிகையை டர்பன்டைனில் போட்டாள். தலையில் துணியைக் கட்டிக்கொண்டு டிராமில் ஏறினாள். யாரிடமும் சொல்லவில்லை.

பத்திரிகை ஆபீசில் வாட்லியின் மேஜை அச்சு இயந்திர அதிர்வில் ஆடிக்கொண்டே இருந்தது. அவள் நின்றபடியே சொன்னாள், ஒரே மூச்சில். சங்கம், கிழவர்கள், சனிக்கிழமை பார்த்த சுவர், ஜாடி, திங்கட்கிழமை எல்லாம். வாட்லியின் முகம் முதலில் சிவந்தது, பிறகு வெளுத்தது.

"உங்கள யார் அனுப்பினா? எதிர்ப் பத்திரிகையா?"

"என்ன யாரு சார் அனுப்புவா? நானே வந்தேன். தெரிஞ்சா என் வேலை போயிரும்."

"வேணும்னே பண்ணினீங்களா?"

"ஐயோ, இல்ல சார்! பழக்கம். படம்னா வார்னிஷ் ஏறணும்னு பழக்கம்."

பழக்கம் என்ற சொல் அந்த மனிதரை எங்கேயோ குத்தியது. எழுந்து கோட்டை மாட்டினார். இருவரும் ஒரே டிராமில் வந்தார்கள்.

கூடத்தில் ஃபெல்லுக்கு ஆவி போய்விட்டது. வாட்லி அவரைக் கண்டுகொள்ளவில்லை. கிணற்று மேடைப் படத்துக்கு எதிரே காலிப் பெட்டியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். முக்கால் மணி நேரம் உட்கார்ந்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், மாட்டினார், தலையைச் சாய்த்தார். கடைசியில் கையை விரித்தார்.

"எனக்குத் தெரியலம்மா," என்றார். "பாக்கறேன். பாத்துக்கிட்டே இருக்கேன். வெறும் வெள்ளையாத்தான் தெரியுது. உங்களுக்கு அந்தச் சுவத்துல என்ன தெரிஞ்சுது? வார்னிஷுக்கு முன்னாடி?"

லுத்மிலாவிடம் இதுவரை யாரும் அப்படிக் கேட்டதில்லை.

"பனி வெயில்ல நடந்துட்டு மாட்டுக் கொட்டாய்க்குள்ள போனா, முதல்ல ஒண்ணும் தெரியாது சார். கண்ணு கட்டும். அப்படியே நின்னா மெதுவா ஒண்ணொண்ணா தெரியும். அந்தப் படம் அப்படி. நான் அதப் பாத்துட்டேன். அழுதுட்டேன்." நிறுத்தினாள். அடுத்தது தனக்கே அப்போதுதான் தெரிந்தது. "அப்புறம் பயம் வந்துருச்சு. தொப்பி போட்டவங்க ரெண்டு நிமிஷம் நின்னுட்டுப் போறவங்க. அவ்வளவு நேரம் யாரு நிப்பாங்க? நிக்க மாட்டாங்கன்னு நெனச்சேன். அதான் பூசினேன். பழக்கம்னு சொன்னேனே, அது பாதிதான் சார்."

வாட்லி தலையைக் குனிந்துகொண்டார். அன்று மாலையே எழுதினார், எட்டே வரி. நான் பாராட்டியது வார்னிஷை. ஓவியத்தை நான் பார்க்கவே இல்லை. அதைப் பார்த்தவர் படம் மாட்டுகிற ஓர் அம்மாள், அவர் சொன்னது இது, என்று மாட்டுக் கொட்டகை விஷயத்தையும் போட்டார். எதிர்ப் பத்திரிகைகளுக்கு அது தீபாவளி. மூன்று மாதம் கேலிச்சித்திரத்தில் வாட்லி கையில் வார்னிஷ் வாளியோடு திரிந்தார். அவர் பத்திரிகையை விடவில்லை. ஆனால் அதற்குப் பிறகு திறப்பு விழாவுக்கு முந்தின நாளே மாடி ஏறி, பெட்டி மேல் உட்கார்ந்துகொண்டு, "அம்மா, பக்கத்துல நில்லுங்க, ஒண்ணும் பேசாதீங்க," என்பார். லுத்மிலாவுக்குப் பேசாமல் நிற்பது எவ்வளவு பெரிய தண்டனை என்று அவருக்குத் தெரிந்திருக்காது. ஃபெல் அவளை வேலையிலிருந்து நிறுத்தப் பார்த்தார், வாட்லி விடவில்லை. கூடம் மூடும்வரை ஒன்பது வருஷம் அங்கேயே இருந்தாள். அப்புறம் எழுபத்து மூன்றாம் தெருவில் இரண்டாம் மாடி அறையில் இருந்து, ஒரு குளிர்காலத்தில் தூக்கத்தில் போனாள். அந்த ஒன்பது வருஷத்தில் அவள் யார் படத்துக்கும், கேட்காமல், எதையும் பூசியதில்லை.

ஆனால் ஹெஸ்டரின் ஒரு வருஷம் போயிற்று. எட்டு வரி அச்சான மறுநாள் காலையில் திருமதி கிம்பால் ஆள் அனுப்பிப் படம் வேண்டாம் என்று சொல்லிவிட்டாள். வேறு யாரும் கேட்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை லுத்மிலா ரயில் நிலையத்துக்குப் போனாள். வரச் சொல்லி யாரும் கூப்பிடவில்லை. ஹெஸ்டர் பெட்டியின் மேல் உட்கார்ந்து, ரயிலுக்குக் காத்திருந்தாள். இவளைப் பார்த்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். லுத்மிலா பக்கத்தில் போய் நின்றாள்.

"திட்டணும்னா திட்டு பொண்ணே. திட்டு வாங்கத்தான் வந்தேன்."

ஹெஸ்டர் ரயில் வருகிற பக்கமே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஒண்ணே ஒண்ணு கேட்டுட்டுப் போயிடறேன். நான் வாய மூடிக்கிட்டு இருந்திருக்கணுமா?"

"ஆமா," என்றாள் ஹெஸ்டர் உடனே. "இருந்திருக்கணும். ஊர் போய் இறங்கினதும் நான் மறுபடி முப்பத்தாறு பிள்ளைங்களுக்கு ஆப்பிள் வரையச் சொல்லிக் குடுக்கணும். தெரியுமா உங்களுக்கு? ராத்திரியெல்லாம் உங்கள சபிச்சேன்."

லுத்மிலா தலையை ஆட்டினாள். நியாயம்தானே. திரும்பி நான்கு அடி நடந்தாள்.

"அம்மா!" ஹெஸ்டர் கூப்பிட்டாள். எழுந்து நின்றிருந்தாள், கன்னம் நனைந்திருந்தது. "டிராம் ஏறறதுக்கு முன்னாடி நீங்க என்கிட்ட சொல்லியிருந்தா, நான் உங்க கால்ல விழுந்தாவது தடுத்திருப்பேன். நீங்க போகவே முடியாம பண்ணியிருப்பேன்." மூச்சு வாங்கினாள். "சொல்லாம போனீங்களே. நல்ல வேளை."

ரயில் வந்தது. லுத்மிலா பெட்டியின் ஒரு பக்கத்தைப் பிடித்தாள், ஹெஸ்டர் மறுபக்கத்தைப் பிடித்தாள், இருவருமாக அதை ஏற்றினார்கள்.